இளையோர் வரலாற்றுப் புனைவும் உடையார்குடிக் கல்வெட்டும்

இளையோர் வரலாற்றுப் புனைவு என்பது பத்து வயதைக் கடந்த சிறுவர் சிறுமியர் முதல் பள்ளியிறுதி வகுப்பு மாணவர்கள் வரை வாசிப்பதற்கு உகந்த வரலாற்றுக் கதை. கடந்த காலத்தில் வாழ்ந்த மனிதர்கள், நடந்த நிகழ்வுகள், இன்றும் இருக்கும் இடங்கள் ஆகியவற்றில் ஏதேனும் ஒன்றை அது அடித்தளமாகக் கொள்ளும். தமிழில் இது தனி வகைமையாக நெடுங்காலம் கருதப்படவில்லை. பெரியவர்களுக்காக வார இதழ்களில் வெளிவந்த தொடர்கதைகளையே இளையோரும் வாசித்தனர். அவ்வாறு வாசிக்கப்பட்டவற்றுள் முதன்மையானது கல்கியின் ‘பொன்னியின் செல்வன்’.

அந்நாவல் தொடங்கும் இடமும், அதன் மையமான கொலை நிகழும் இடமும் இன்றைய கடலூர் மாவட்டத்தின் தென்பகுதியில், சிதம்பரத்துக்குத் தென்மேற்கே காட்டுமன்னார்கோயிலைச் சுற்றி அமைந்துள்ளன. அக்கொலையைப் பற்றிய முதன்மையான சான்றான உடையார்குடிக் கல்வெட்டும் அதே வட்டாரத்தில்தான் உள்ளது. ஆகவே வரலாறு எங்கே முடிகிறது, கற்பனை எங்கே தொடங்குகிறது என்பதை நேரில் சென்று பார்த்துப் பிரித்தறியக்கூடிய இடம் இது.

வீரநாராயண ஏரி

‘பொன்னியின் செல்வன்’ 1950 அக்டோபர் முதல் 1954 வரை ‘கல்கி’ வார இதழில் ஐந்து பாகங்களாக வெளிவந்தது. மணியம் ஓவியம் வரைந்தார். முதல் அத்தியாயம் ஆடிப்பெருக்கு நாளில் தொடங்குகிறது. வல்லவரையன் வந்தியத்தேவன் குதிரையில் வீரநாராயண ஏரிக்கரை வழியே வருகிறான். காஞ்சியில் இருக்கும் இளவரசன் ஆதித்த கரிகாலன் கொடுத்த ஓலைகள் அவனிடம் உள்ளன. அன்றிரவு கடம்பூர் சம்புவரையர் மாளிகையில் தங்கும் அவன், நள்ளிரவில் நடக்கும் சதிக் கூட்டத்தைக் காண நேர்கிறது.

வீரநாராயண ஏரி என்பது இன்றைய வீராணம் ஏரி. வடக்குத் தெற்காகச் சுமார் 16 கி.மீ. நீளமுடையது. வீரநாராயணன் என்பது முதலாம் பராந்தக சோழனின் பட்டப்பெயர். தக்கோலப் போரில் கி.பி. 949-ல் உயிரிழந்த அவனுடைய மகன் இராஜாதித்தன், போருக்குக் காத்திருந்த படைவீரர்களைக் கொண்டு இந்த ஏரியை வெட்டுவித்தான் என்பது வழக்கு. கல்கி அதை முதல் அத்தியாயத்திலேயே சொல்லிவிடுகிறார். கொள்ளிடத்தின் நீர் அணைக்கரையிலிருந்து வடவாறு வழியாக ஏரிக்கு வருகிறது. 2004 முதல் இந்த ஏரியிலிருந்து சென்னைக்குக் குடிநீர் செல்கிறது. வந்தியத்தேவனைப் பற்றி வாசிக்கும் சென்னைச் சிறுவன், அவன் குதிரை நின்ற கரையின் நீரைத்தான் குடிக்கிறான் என்று தெரிந்தால் மகிழ்வான்.

காட்டுமன்னார்கோயிலின் பழம்பெயர் வீரநாராயண சதுர்வேதிமங்கலம். நாதமுனிகளும் ஆளவந்தாரும் பிறந்த ஊர். ‘விண்ணகரக் கோயில்’ என்னும் மூன்றாம் அத்தியாயம் இவ்வூரின் பெருமாள் கோயிலில் நிகழ்கிறது. நாவலின் தொடக்க அத்தியாயங்களுக்கு இருக்கும் உறுதித்தன்மை இத்தகைய இடங்களிலிருந்து வருவது. ஏரி உண்மை, கோயில் உண்மை, ஆடிப்பெருக்கு உண்மை. நாலாவதாக வரும் மாளிகையையும் வாசகர் ஐயமின்றி ஏற்றுக்கொள்கிறார்.

கடம்பூர் மாளிகைக்கு அத்தகைய சான்று இல்லை. நாவலின் கடம்பூர் எனப் பொதுவாகச் சுட்டப்படுவது காட்டுமன்னார்கோயிலை அடுத்த மேலக்கடம்பூர். அங்கு இன்று காணக் கிடைப்பது தேர் வடிவில் அமைந்த அமிர்தகடேசுவரர் கோயில். இன்றுள்ள கற்கட்டுமானம் முதலாம் குலோத்துங்கன் காலத்தது என்பர். அதாவது ஆதித்த கரிகாலன் இறந்து ஒரு நூற்றாண்டுக்கும் மேல் கழிந்த பிறகு எழுந்தது. சம்புவரையர்களும் வரலாற்றில் பிற்காலத்தில், வடக்கே படைவீட்டை மையமாகக் கொண்டு புகழ்பெற்றவர்கள்.

உடையார்குடிக் கல்வெட்டு

காட்டுமன்னார்கோயிலை ஒட்டிய உடையார்குடியில் அனந்தீசுவரர் கோயில் உள்ளது. அதன் கருவறைச் சுவரில் உள்ள கல்வெட்டு 1920-ல் தொல்லியல் துறையால் படியெடுக்கப்பட்டது. இராஜகேசரி வர்மனின் இரண்டாம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. அவ்விராஜகேசரி முதலாம் இராஜராஜன் என்பது பெரும்பாலான அறிஞர்களின் கருத்து. அவன் கி.பி. 985-ல் அரியணை ஏறியதால் கல்வெட்டின் காலம் ஏறத்தாழ கி.பி. 987.

பாண்டியனின் தலையைக் கொண்ட கரிகால சோழனைக் கொன்ற துரோகிகள் எனச் சிலரை இக்கல்வெட்டு பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. சோமன், இரவிதாசன், பரமேசுவரன் ஆகியோர் அவர்கள். உடன்பிறந்தவர்கள். இரவிதாசனுக்குப் பஞ்சவன் பிரமாதிராஜன் என்றும், பரமேசுவரனுக்கு இருமுடிச்சோழ பிரமாதிராஜன் என்றும் பட்டங்கள் உள்ளன. பிரமாதிராஜன் என்பது உயர் அதிகாரம் பெற்ற அந்தணர்களுக்குச் சோழ அரசு வழங்கிய பட்டம். அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்கள் அரசின் பெரிய அலுவலர்கள். பஞ்சவன் என்னும் சொல் பாண்டியனைக் குறிப்பதால், இவர்களுக்குப் பாண்டிய நாட்டுத் தொடர்பு இருந்திருக்கலாம் என ஊகிப்பவர்கள் உண்டு.

கல்வெட்டு கொலையை விவரிப்பதற்காக வெட்டப்பட்டதல்ல. அது ஒரு நிலத்தைப் பற்றிய ஆவணம். துரோகிகளுடைய உடைமைகளும் அவர்களுடைய உறவினர்களின் உடைமைகளும் அரசனின் ஆணைப்படி கைப்பற்றப்பட்டன. ஊர்ச்சபையிடமிருந்து அந்நிலத்தில் ஒரு பகுதியை ஒருவர் விலைக்கு வாங்கிக் கோயிலில் அறம் செய்ய அளித்தார். அந்த அறத்துக்கு உரிய நிலம் எப்படி வந்தது என்று சொல்லும்போதுதான் கொலையைப் பற்றிய வரி வருகிறது. எந்த ஊரில் கொன்றார்கள், எந்த ஆயுதத்தால் கொன்றார்கள், எதற்காகக் கொன்றார்கள் என்பவற்றை அது சொல்வதில்லை. கடம்பூர் என்ற பெயர் அந்தச் செய்தியில் இல்லை.

நாவல் செய்துகொண்ட மாற்றங்கள்

கல்வெட்டின் சில வரிகளிலிருந்து ஐந்து பாக நாவல் எழுந்தது. சோமன், இரவிதாசன், பரமேசுவரன் என்னும் பெயர்களைக் கல்கி அப்படியே எடுத்துக்கொண்டார். ஆனால் அலுவலர்களான அவர்கள் நாவலில் பாண்டிய மன்னனுக்காகப் பழிவாங்கச் சபதமேற்ற ஆபத்துதவிகள் ஆகின்றனர். இரவிதாசன் ஆந்தைபோலக் குரலெழுப்பும் மந்திரவாதியாக வருகிறான். அவர்களை இயக்குபவளாக நந்தினி என்னும் கற்பனைப் பாத்திரம் நடுவில் நிறுத்தப்படுகிறது. ஆழ்வார்க்கடியானும் பூங்குழலியும் கற்பனையே. வந்தியத்தேவன் அப்படியல்ல. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டில் குந்தவையின் கணவர் வல்லவரையர் வந்தியத்தேவர் என்று அவர் பெயர் வருகிறது. அதற்கு மேல் அவரைப் பற்றி அறியக் கிடைப்பது மிகக் குறைவு. குதிரை, பசி, வாய்த்துடுக்கு, அவசரத்தில் எடுக்கும் முடிவுகள் யாவும் கல்கி தந்தவை. பதின்மூன்று வயதில் வாசிப்பவருக்கு நாவலை நெருக்கமாக்குவதும் இவையே.

இம்மாற்றங்கள் குறைகள் அல்ல. வரலாற்றுப் புனைவு இல்லாததை இட்டு நிரப்பியே ஆக வேண்டும். கல்கியும் தான் செய்வதை ஒளிக்கவில்லை. நாவலின் முதல் வரியிலேயே கற்பனையை ஓடமாக்கிக் காலத்தில் பின்னோக்கிச் செல்ல வாசகரை அழைக்கிறார். கதையின் இடையே நின்று கல்வெட்டுகளையும் செப்பேடுகளையும் பற்றிப் பேசுகிறார். முன்பு எழுதிய ‘சிவகாமியின் சபதம்’ நாவலின் முன்னுரையிலும் வரலாற்று மாந்தர் யார், கற்பனை மாந்தர் யார் என்பதை அவர் பிரித்துக் காட்டியதுண்டு. ‘பொன்னியின் செல்வன்’ நாவலில் கரிகாலன் இறக்கும் காட்சியில் விளக்கு அணைந்துவிடுகிறது. கொன்ற கை எது என்பதை வாசகர் தம் கண்ணால் பார்ப்பதில்லை. கல்வெட்டு சொல்லாத இடத்தில் நாவலாசிரியரும் இருளை வைத்தார் என்று இதைக் கொள்ளலாம்.

சிதம்பரத்தோடு தொடர்புடைய வரலாற்றாசிரியர்கள்

இக்கொலையைப் பற்றிய முக்கியமான விவாதத்தில் எதிரெதிர்க் கருத்துக் கொண்ட அறிஞர்கள் இருவருக்கும் சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தோடு தொடர்பு உண்டு. கே.ஏ. நீலகண்ட சாஸ்திரி 1929-ல் தொடங்கப்பட்ட அப்பல்கலைக்கழகத்தின் கலைக் கல்லூரியில் முதல்வராக இருந்தவர். உடையார்குடிக் கல்வெட்டைப் பதிப்பித்தவரும் அவரே. தி.வை. சதாசிவ பண்டாரத்தார் அங்கே ஆசிரியராகப் பணியாற்றியவர். அவருடைய ‘பிற்காலச் சோழர் சரித்திரம்’ முதல் பகுதியை அப்பல்கலைக்கழகம் 1949-ல் வெளியிட்டது. மறு ஆண்டு கல்கியின் தொடர் தொடங்கியது.

கரிகாலன் இறந்தது கி.பி. 970-ஐ ஒட்டி. துரோகிகளின் நிலம் பற்றிய கல்வெட்டு அதற்குப் பதினைந்து ஆண்டுகளுக்குப் பிந்தியது. இடையில் ஆண்டவர் உத்தம சோழர். அவருடைய ஆட்சியில் கொலையாளிகள் தண்டிக்கப்படவில்லை எனில், கொலையில் அவருக்கும் பங்கிருந்திருக்கலாம் என நீலகண்ட சாஸ்திரி ஐயுற்றார். பண்டாரத்தார் அதை மறுத்தார். அண்ணனைக் கொல்வதற்கு உடந்தையாக இருந்த ஒருவருக்கு இராஜராஜன் அரியணையை விட்டுக்கொடுத்துக் காத்திருந்திருக்க மாட்டான் என்ற வகையில் அவருடைய வாதம் அமைந்தது. கல்வெட்டில் இருப்பது நில விற்பனையின் காலம்தான், தண்டனையின் காலமாக அதைக் கொள்ள வேண்டியதில்லை என்று பின்னர் வாதிட்டவர்களும் உண்டு. வழக்கு இன்னும் முடியவில்லை.

கல்கி இதை நாவலாசிரியருக்கே உரிய வழியில் தீர்த்தார். உத்தம சோழர் ஒருவரை அவர் இருவராக்கினார். அரியணைக்கு ஆசைப்பட்டுச் சதிகாரர்களின் கைப்பாவையாகும் மதுராந்தகன் ஒருவன், பூத்தொடுத்துச் சிவத்தொண்டு செய்யும் சேந்தன் அமுதன் இன்னொருவன். குழந்தைப் பருவத்தில் நிகழ்ந்த மாற்றம் இறுதியில் வெளிப்படுகிறது. ஐயம் ஒருவன் மேல் படிந்து, மகுடம் மற்றவன் தலையில் ஏறுகிறது. கதையாக இது மிக அழகான தீர்வு. ஆனால் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த உண்மையான அரசர் ஒருவரின் பெயர் இதில் சிக்கியிருக்கிறது என்பதை இளம் வாசகருக்கு யாரேனும் சொல்ல வேண்டும். இல்லையெனில் சேந்தன் அமுதனை அவர் கல்வெட்டிலும் தேடுவார்.

திருமுறை கண்ட கதை

சிதம்பரம் வட்டாரத்தில் குழந்தைகளுக்கு வரலாறாகவே சொல்லப்படும் இன்னொரு கதை, தேவார ஏடுகள் மீட்கப்பட்டது. தில்லைக் கோயிலில் பூட்டிய அறைக்குள் கறையான் அரித்துக் கிடந்த ஏடுகளைச் சோழ மன்னனும் நம்பியாண்டார் நம்பியும் வெளிக்கொணர்ந்தனர் என்பது கதை. மூவரும் வந்தால்தான் அறை திறக்கப்படும் என்று சொல்லப்பட, மன்னன் மூவர் திருமேனிகளையும் எழுந்தருளச் செய்தான் என்னும் காட்சி எந்தச் சிறுவரையும் கவரும்.

இதற்கு ஆதாரமான ‘திருமுறை கண்ட புராணம்’ உமாபதி சிவம் இயற்றியதாகக் கொள்ளப்படுவது. அவர் சிதம்பரத்தை அடுத்த கொற்றவன்குடியில் வாழ்ந்தவர், 14-ஆம் நூற்றாண்டினர். இராஜராஜனுக்கும் அவருக்கும் இடையே மூன்று நூற்றாண்டு இடைவெளி. திருப்பதிகம் பாடும் வழக்கம் கோயில்களில் இராஜராஜனுக்கு முன்பே இருந்ததைக் கல்வெட்டுகள் காட்டுகின்றன. ஆகவே பாடல்கள் முற்றிலும் மறக்கப்பட்டுக் கிடந்தன என்று சொல்ல முடியாது. கதையை விட்டுவிட வேண்டியதில்லை. அதை யார், எப்போது, எந்த நூலில் சொன்னார்கள் என்பதையும் சேர்த்துச் சொன்னால் போதும். பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்கு அது புரியாது என்று நினைப்பது பெரியவர்களின் சோம்பல்.

பிறமொழி ஒப்பீடு

ஆங்கிலத்தில் இளையோர் வரலாற்றுப் புனைவின் செவ்வியல் படைப்புகளில் ஒன்று ரோஸ்மேரி சட்க்ளிஃப் எழுதிய ‘தி ஈகிள் ஆஃப் தி நைன்த்’. ‘பொன்னியின் செல்வன்’ நிறைவடைந்த அதே 1954-ல் வெளிவந்தது. பிரிட்டனில் இருந்த ரோமானியரின் ஒன்பதாம் படைப்பிரிவு இரண்டாம் நூற்றாண்டின் தொடக்கத்துக்குப் பிறகு அங்குள்ள பதிவுகளில் தென்படுவதில்லை. தெற்கே சில்செஸ்டர் என்னும் இடத்தில் 1866-ல் சிறகிழந்த வெண்கலக் கழுகுச் சிலை ஒன்று அகழ்ந்தெடுக்கப்பட்டது. தொடர்பற்ற இவ்விரு செய்திகளையும் சட்க்ளிஃப் முடிச்சிட்டார். காணாமற்போன தந்தையையும் படைச் சின்னத்தையும் தேடிச் செல்லும் இளைஞனின் கதை பிறந்தது.

கவனிக்க வேண்டியது அந்நூலின் முன்னுரை. அறிந்தவை இவ்விரண்டு, இவற்றை இணைத்தது தான் என்று ஒரு பக்க அளவில் அவர் சொல்லிவிடுகிறார். பின்னர் அப்படைப்பிரிவு பிரிட்டனில் அழியாமல் வேறிடம் சென்றிருக்கலாம் என்பதற்கான தடயங்கள் கிடைத்தன. கழுகும் படைச் சின்னமல்ல, ஒரு பெரிய சிலையின் பகுதி என்ற கருத்து வலுப்பெற்றது. நாவலுக்கு அதனால் இழப்பு ஏற்படவில்லை. தையல் எங்கே இருக்கிறது என்பதை ஆசிரியரே முன்கூட்டிக் காட்டியிருந்தார்.

சுருக்கப் பதிப்புகள், திரைப்படம்

தொடர்கதைப் பக்கங்களை வாராவாரம் கிழித்துச் சேர்த்து, பைண்டு செய்து வைத்த தொகுதிகள் வழியாகவே ஒரு தலைமுறை இளையோர் ‘பொன்னியின் செல்வன்’ வாசித்தனர். பெரியவர்கள் படித்துவிட்டு வைத்த நூலை, பள்ளி விடுமுறையில் பிள்ளைகள் எடுத்தனர். கல்கியின் நூல்கள் 1999-ல் நாட்டுடைமையானபின் பல பதிப்பகங்கள் அதை வெளியிட்டன. சிறுவர்களுக்கான சுருக்கங்களும் படக்கதைகளும் வந்தன. மணிரத்னம் இயக்கிய திரைப்படம் 2022 செப்டம்பரிலும் 2023 ஏப்ரலிலும் இரு பகுதிகளாக வெளியானது.

ஐந்து பாகங்களைச் சுருக்குவது எளிதல்ல. கதை ஓட்டத்தைக் காப்பாற்ற வேண்டும் என்றால் முதலில் உதிர்வது ஆசிரியர் நின்று பேசும் இடங்களே. இராஜாதித்தன் ஏரி வெட்டிய செய்தி, செப்பேடுகளைப் பற்றிய குறிப்பு, வாசகரிடம் நேரடியாகச் சொல்லும் விளக்கம் ஆகியவை சம்பவங்கள் அல்ல என்பதால் அகற்றப்படக்கூடியவை. அவை போனால் கற்பனைக்கும் வரலாற்றுக்கும் நடுவே கல்கி விட்டுவைத்த கோடும் போய்விடுகிறது. எஞ்சுவது நடந்ததை நடந்தபடி சொல்வது போன்ற தோற்றம். சுருங்கிய நூல், மூல நூலைவிடக் கூடுதலாக வரலாறு போலக் காட்சியளிக்கிறது. திரைப்படத்தில் ஆசிரியரின் குரலுக்கு இடமே குறைவு. முகமும் உடையும் கோட்டையும் கண்முன் வந்தபின் ஐயம் எழுவதில்லை.

சுருக்கப் பதிப்பின் இறுதியில் இரண்டு பக்கம் ஒதுக்கி, உடையார்குடிக் கல்வெட்டு சொல்வது என்ன, சொல்லாதது என்ன என்று எழுதினால் இக்குறை தீரும். நூலின் விலை அதனால் பெரிதாக ஏறிவிடாது.

அண்மைக்காலப் படைப்புகள்

சிறார் நாவல் தமிழில் தனியே கவனிக்கப்படத் தொடங்கியபின், வரலாற்றை அணுகும் முறையிலும் மாற்றம் வந்தது. உதயசங்கரின் ‘ஆதனின் பொம்மை’ கீழடி அகழாய்வைப் பின்புலமாகக் கொண்ட நாவல். 2023-ஆம் ஆண்டுக்கான பால சாகித்திய புரஸ்கார் விருது பெற்றது. ஆதன் என்ற பெயர் கீழடியில் கிடைத்த பானை ஓடுகளில் தமிழிப் பொறிப்பாகக் காணப்படுவது. இன்றைய சிறுவன் ஒருவனை ஆதனின் காலத்துக்கு நாவல் அழைத்துச் செல்கிறது. இதில் அரசர்களும் அரியணைச் சதிகளும் மையமல்ல. பானை செய்தவர்களும் விளையாடிய பிள்ளைகளுமே வருகிறார்கள். இன்றிலிருந்து புறப்பட்டு அன்றைக்குச் செல்லும் அமைப்பே, இது கற்பனைப் பயணம் என்பதை வாசிக்கும் பிள்ளைக்கு உணர்த்திவிடுகிறது.

கடலூரில் தலைமையாசிரியராகப் பணியாற்றிய ‘ஆயிஷா’ இரா. நடராசன் வேறொரு வழியைக் கையாண்டவர். அவருடைய ‘விஞ்ஞான விக்கிரமாதித்தன் கதைகள்’ 2014-ல் பால சாகித்திய புரஸ்கார் பெற்றது. அது வரலாற்றுப் புனைவு அல்ல, அறிவியல் நூல். எனினும் அதன் உத்தி இங்கே பொருந்தும். விக்கிரமாதித்தனும் வேதாளமும் பேசுகிறார்கள் என்றால் அது கதை என்பது எந்தப் பிள்ளைக்கும் தெரியும். உள்ளே சொல்லப்படும் அறிவியல் செய்தி வேறு என்பதும் தெரியும். உறையும் சரக்கும் தனித்தனியே நிற்கின்றன.

எழுதப்படக் காத்திருக்கும் பொருள்

உடையார்குடிக் கல்வெட்டு பெரியவர்களின் பெயர்களோடு நின்றுவிடவில்லை. உடைமை பறிக்கப்பட்டவர்களின் பட்டியலில் துரோகிகளின் தம்பிமாரும் மக்களும் மனைவிமார்வழி உறவினரும் பெண் கொடுத்தவர்களும் அடங்குவர். மக்கள் என்றால் பிள்ளைகள். அவர்களுக்குப் பெயர் இல்லை, வயது இல்லை. வீரநாராயண சதுர்வேதிமங்கலத்தில் ஒருநாள் வீடும் நிலமும் தம்முடையவை அல்ல என்று ஆனவர்கள். தந்தையோ மாமனோ செய்ததாகச் சொல்லப்பட்ட குற்றத்துக்காக. ‘பொன்னியின் செல்வன்’ நாவலில் இப்பிள்ளைகளுக்கு இடமில்லை. இளையோருக்கான வரலாற்றுப் புனைவு ஒன்று இக்கல்வெட்டிலிருந்து இனி எழுமானால் அது தொடங்கவேண்டிய இடம் இந்தச் சொல்லாக இருக்கலாம்.

சோழர் காலத்தின் ஒளியில் மாவட்டத்தின் பிற காலங்கள் மங்கிப்போவதும் உண்டு. கடலூர் நகரை ஒட்டிய தேவனாம்பட்டினத்தில் இருந்த கோட்டையை ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனி 1690-ல் செஞ்சியை ஆண்ட மராட்டியரிடமிருந்து விலைக்கு வாங்கியது. அப்போது சென்னையில் கம்பெனியின் ஆளுநர் எலிஹு யேல். அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்துக்குப் பெயர் தந்தவர் இவரே. கோட்டையோடு எவ்வளவு நிலம் சேரும் என்பதற்கு உடன்படிக்கை வைத்த அளவுகோல் விசித்திரமானது. பீரங்கிக் குண்டு எவ்வளவு தொலைவில் விழுகிறதோ அவ்வளவு நிலம். பல திசைகளிலும் சுட்டார்கள். குண்டு எட்டிய எல்லைக்குள் இருந்த ஊர்கள் கம்பெனிக்குச் சொந்தமாயின. குண்டு கிராமங்கள் என்றே அவை பெயர் பெற்றன. சுட்டவர்களின் பக்கம் கம்பெனியின் ஆவணங்களில் இருக்கிறது. காலையில் ஒரு குண்டு வந்து விழுந்து, மாலைக்குள் ஆள்பவர் மாறிவிட்ட ஊரின் பக்கத்தை எழுத்தாளர்தான் கற்பனை செய்ய வேண்டும். டேவிட் கோட்டை என ஆங்கிலேயர் பெயரிட்ட அதை 1758-ல் லாலியின் தலைமையில் பிரெஞ்சுப் படை கைப்பற்றி இடித்தது.

அண்மைக் காலத்துக்கு வந்தால் சிக்கல் வேறு வகையானது. கடலூர் முதுநகரில் 1890-ல் பிறந்த அஞ்சலை அம்மாள் விடுதலைப் போராட்ட வீரர். 1857 எழுச்சியைக் கொடுமையாக ஒடுக்கிய நீல் என்னும் படைத்தலைவனுக்குச் சென்னை மவுண்ட் ரோட்டில் இருந்த சிலையை அகற்றக் கோரி 1927-ல் நடந்த போராட்டத்தில் அவர் சிறை சென்றார். சிறுமியாக இருந்த மகள் அம்மாக்கண்ணுவும் உடன் சிறைப்பட்டாள். காந்தி அச்சிறுமிக்கு லீலாவதி என்று பெயரிட்டு, தம் ஆசிரமத்துக்கு அழைத்துச் சென்றார். இங்கே பெயர்கள், ஆண்டு, இடம் எல்லாம் தெரியும். எழுதுபவர் கற்பனை செய்ய வேண்டியவை சிறையின் இரவுகள், தாய் மகளிடம் சொன்ன சமாதானங்கள், புதுப் பெயரால் முதன்முறை அழைக்கப்பட்டபோது அச்சிறுமி திரும்பிப் பார்த்த விதம். வழித்தோன்றல்களின் நினைவில் இன்றும் வாழும் மனிதர்கள் என்பதால், பத்தாம் நூற்றாண்டு இரவிதாசனை மந்திரவாதியாக்கிய சுதந்திரம் இங்கே கிடையாது. அஞ்சலை அம்மாள் 1937-ல் சென்னை மாகாணச் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அதே ஆண்டில் பொறுப்பேற்ற இராஜாஜியின் அமைச்சரவை நீல் சிலையைச் சாலையிலிருந்து எடுத்து எழும்பூர் அருங்காட்சியகத்தில் சேர்த்தது.